ஸெக்ரெட் தீவும் ப்ளூ பேயும் ஒரே நாளில்: எந்தப் படகு, எந்த வரிசை, எதற்குக் காசு கொடுக்கலாம்

மொரீஷியஸின் தென்கிழக்கு மூலையில், விமான நிலையத்துக்குப் பக்கத்திலேயே, ஒரே நாளில் பார்த்துவிடக்கூடிய இரண்டு காப்பிடங்கள் இருக்கின்றன. ஒன்று இல் ஓ ஸெக்ரெட் (Île aux Aigrettes) என்ற சின்னத் தீவு. மற்றது ப்ளூ பே கடல் பூங்கா. முன்னது நடந்து பார்ப்பது, பின்னது மாஸ்க்கும் மூச்சுக்குழாயும் மாட்டி மிதந்து பார்ப்பது, அதாவது ஸ்நோர்க்கலிங். இரண்டையும் சேர்த்து "படகு, ஸ்நோர்க்கலிங், இயற்கை, மதியச் சாப்பாடு" என்று மாஹேபூர் கடற்கரை நெடுக விற்கிறார்கள். சொன்னதைச் செய்கிறவர்களும் உண்டு. தாளில் அச்சிட்டதில் பாதியை மட்டும் தூரத்திலிருந்து காட்டித் திருப்பி அனுப்புகிறவர்களும் உண்டு.

தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடலாம். தீவுக்கு ஐந்துக்கு நாலரை. ப்ளூ பேக்கு, சின்னக் கண்ணாடி அடிப் படகில் போனால், மூன்றரை. ஒரே நாளில் ஐந்து இடம் காட்டும் வேகப்படகு பேக்கேஜுக்கு இரண்டு. அந்த இரண்டும் கிராண்ட் ரிவர் சவுத் ஈஸ்ட் அருவிக்கும் சாப்பாட்டுக்கும்தான். காட்டுயிருக்கு அதில் இடமே இல்லை.

பலரும் ஏமாறுவது இங்கேதான். வேகப்படகுத் தாளில் இல் ஓ ஸெக்ரெட் பெயர் பெரிதாக இருக்கும். படகும் தீவுக்குப் பக்கத்தில் போகும். ஓட்டுநர் எஞ்சினைக் குறைத்து, "இதுதான்" என்று கைகாட்டுவார். ஐந்து நிமிடத்தில் மறுபடியும் வேகம். கரையேற முடியாது. தீவு 1965 முதல் இயற்கைக் காப்பகம். பராமரிப்பது மொரிஷியன் வைல்ட்லைஃப் ஃபவுண்டேஷன். அவர்களுடைய படகில், அவர்களுடைய வழிகாட்டியோடு போனால்தான் உள்ளே கால் வைக்கலாம். படகு புறப்படும் இடம் மாஹேபூருக்கும் ப்ளூ பேக்கும் நடுவே உள்ள புவான்த் ஜெரோம். அங்கிருந்து தீவு ஒரு கிலோமீட்டர்கூட இல்லை, சுமார் 850 மீட்டர். ஆகவே இரண்டு சீட்டு தனித்தனியாக வாங்குங்கள்: தீவுக்கு ஃபவுண்டேஷனிடம் முன்பதிவு, ப்ளூ பேக்கு உள்ளூர்ப் படகுக்காரரிடம். சேர்த்துப் பேசுகிறவரிடம் போவதானால், பணம் கொடுக்குமுன் "தீவில் இறங்குகிறோமா, சுற்றி வருகிறோமா?" என்ற ஒரே கேள்வியைக் கேளுங்கள். பதில் இழுத்தால் வேறு ஆளைப் பாருங்கள். மொரீஷியஸில் குடியிருப்பவர்களுக்குத் தீவுக் கட்டணம் குறைவு; அடையாள அட்டையை எடுத்துப் போங்கள்.

தீவு சுமார் 26 ஹெக்டேர், அதாவது அறுபத்து நாலு ஏக்கர். சுற்று ஒன்றரை மணி முதல் இரண்டு மணி நேரம் ஆகும். பெரிய தீவு போல எரிமலைக் கல் அல்ல இது; முழுக்கப் பவளச் சுண்ணாம்புப் பாறை. பாதையை விட்டு ஓரத்தில் பார்த்தால் தரை முழுவதும் ஊசியும் குழியுமாக இருக்கும். ரப்பர் செருப்போடு வருகிறவர்கள் பாதிச் சுற்றில் காலைப் பார்த்துக்கொண்டே நடப்பார்கள், தலைக்கு மேல் இருக்கும் பறவை தப்பிவிடும். மூடிய காலணி கட்டாயம்.

காட்டைப் பற்றி. மொரீஷியஸ் கரையோரத்தில் ஒரு காலத்தில் இருந்த உலர் காட்டில் மிஞ்சியது ஏறத்தாழ இவ்வளவுதான். நடுநாயகம் கருங்காலி. கருங்காலி என்றதும் உலக்கையும் மாலையும் நினைவுக்கு வருகிறவர்கள் இந்த மரத்தைப் பார்த்து, "இதுவா?" என்பார்கள். பட்டை வெளுத்த சாம்பல் நிறம். கறுப்பு உள்ளே வைரத்தில்தான் இருக்கிறது. நம் ஊர்க் கருங்காலியின் ஒன்றுவிட்ட உறவு இது, இந்தத் தீவின் பெயரையே தன் அறிவியல் பெயரில் வைத்திருக்கிறது. மிக மெதுவாக வளரும்; தொடை பருமன் தண்டைப் பார்த்து இளமரம் என்று நினைத்துவிடக் கூடாது. விறகுக்கு வெட்டியதும், இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் படை பீரங்கி மேடை கட்டத் துப்புரவு செய்ததும், உள்ளே நுழைந்த சவுண்டல் போன்ற வேற்று மரங்களும் சேர்ந்து காட்டைச் சிதைத்தன. 1980-களிலிருந்து களை பிடுங்கி, எலியையும் பூனையையும் அகற்றி, நாற்றங்காலில் உள்ளூர்ச் செடி வளர்த்து நட்டு வருகிறார்கள். நாற்றங்காலைக் கடக்கும்போது வழிகாட்டியிடம் இலைகளைக் காட்டச் சொல்லுங்கள். சில செடிகளுக்கு இளமையில் ஒரு வடிவ இலை, உயர்ந்த பிறகு வேறொரு வடிவ இலை. ஆமைக்கு எட்டும் உயரம் வரை ஒரு வேஷம், எட்டாத உயரத்தில் சொந்த முகம் என்று வழிகாட்டிகள் விளக்குவார்கள்.

சுற்றில் மிகச் சிறந்த ஒரு காட்சி கீழே, தரையில் இருக்கிறது. ஸெஷல்ஸ் நாட்டின் அல்டாப்ராத் தீவுக்கு உரிய ராட்சத ஆமையின் சாணம். காய்ந்து நார் நாராகக் கிடக்கும் அந்தக் கட்டியைக் குனிந்து பார்த்தால், உள்ளே கருங்காலி விதை இருக்கும். அதிர்ஷ்டம் இருந்தால் இரண்டு இலை விட்ட கன்றும் இருக்கும். மொரீஷியஸுக்கே உரிய ராட்சத ஆமை இனங்கள் இரண்டும் அழிந்த பிறகு, கருங்காலிப் பழம் தாய் மரத்தடியிலேயே விழுந்து அங்கேயே மக்கியது. எடுத்துப் போக ஆளில்லை. 2000-ல் அல்டாப்ராவின் ஆமைகளை இங்கே விட்டார்கள். அவை பழத்தை விழுங்கி, தீவின் மறுபக்கத்தில் கழித்தன. குடல் வழியே வந்த விதை நன்றாகவே முளைத்தது. செத்துப்போன ஒரு உறவை வேறோர் ஊர் ஆமையைக் கொண்டு மீட்டிருக்கிறார்கள். இதை எல்லா வழிகாட்டியும் தானாகச் சொல்வதில்லை. கேட்டால் நின்று காட்டுவார்கள்.

அடுத்தது இளஞ்சிவப்புப் புறா. கிரியோலில் பிஜோன் தே மார். மார்பில் வெளிறிய ரோஜா நிறம், வாலில் செங்கல் துருநிறம். 1990 வாக்கில் காட்டில் பத்துப் பன்னிரண்டுதான் மிஞ்சியிருந்தது; கூண்டில் வளர்த்துக் காட்டில் விட்டுப் பெருக்கியதில் இன்று நூற்றுக்கணக்கில் இருக்கிறது. 2018-ல் அழியும் இனங்களின் உலகப் பட்டியலில் அதன் ஆபத்து நிலை ஒருபடி இறக்கப்பட்டது. இதைப் பார்க்க ஓடித் தேட வேண்டாம். காலில் வண்ண வளையத்தோடு, நடமாட்டம் இல்லாமல், தலைக்கு மேல் கிளையில் உட்கார்ந்திருக்கும். அசையாத பறவை என்பதால் பேசிக்கொண்டே போகிற கூட்டம் அதன் அடியிலேயே நடந்துவிடும். தீனித் தட்டு வைத்திருக்கும் இடத்தில் இரண்டு நிமிடம் வாயை மூடிக்கொண்டு நின்றால் போதும். தலை சிவந்த மொரீஷியஸ் ஃபோடியும், கொக்கிபோல் வளைந்த அலகுள்ள சின்ன ஆலிவ் வெள்ளைக்கண்ணியும் அதே இடத்துக்கு வரும். வெள்ளைக்கண்ணி தும்பியளவு துருதுருப்பு. படம் எடுக்க நினைக்காதீர்கள், கண்ணால் பாருங்கள்.

ஊர்வனவற்றில், வடக்கே உள்ள ரவுண்ட் தீவிலிருந்து கொண்டுவந்த டெல்ஃபேர் அரணை பாதையிலேயே குறுக்கே போகும். பளபளவென்று முழங்கை நீளம். பயப்படாது. மரத்தில் பச்சையும் நீலமும் சிவப்புமாகப் பகல் பல்லிகள். வழிநெடுக டோடோ உட்பட அழிந்துபோன உயிரினங்களின் வெண்கலச் சிலைகள் வைத்திருக்கிறார்கள். குழந்தைகள் சிலையோடு படம் எடுக்க வரிசை கட்டும் நேரத்தில் பெரியவர்கள் ஆமையோடு நின்றுவிடலாம்.

குறை என்றால் கொசு. காற்று நுழையாத அடர்ந்த பகுதியில் மொய்க்கும். முழுக்கால் உடுப்பு, முழுக்கை, கொசு மருந்து மூன்றும் வேண்டும். மருந்து பூசுவதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது: டீட் கலந்த மருந்து சில வகைப் பிளாஸ்டிக்கை அரித்துவிடும். அதே கையால் பிறகு நீச்சல் மாஸ்க்கைத் தொட்டால் அதன் பிளாஸ்டிக் சட்டம் மங்கும். நெற்றியில் பூசியது கடலில் கரைந்து மாஸ்க்குக்குள் இறங்கிக் கண் எரியும். எனவே கழுத்துக்குக் கீழே மட்டும் பூசுங்கள், கடலுக்குப் போகுமுன் சோப்புப் போட்டுக் கையையும் முகத்தையும் கழுவுங்கள். படகு ஏறுமுன் பையைத் தலைகீழாகத் தட்டி, காலணி அடியில் ஒட்டிய மண்ணையும் காலுறையில் குத்திய விதையையும் எடுத்துவிடுங்கள். ஒரு எறும்புக் கூட்டமோ ஒரு களை விதையோ உள்ளே போனால் முப்பது நாற்பது வருட உழைப்பு பாழ். திரும்பும்போதும் கல், கிளிஞ்சல், காய் எதையும் எடுக்கக் கூடாது.

இனி வரிசை. தீவு முதலா, கடல் முதலா? இது பருவத்தைப் பொறுத்தது. மே முடிந்து செப்டம்பர் வரை தென்கிழக்குக் காற்று பலமாக வீசும். இந்தக் கரை அதற்கு நேர்முகம். காலை பத்து, பதினொன்றுக்கு மேல் நீர்ப்பரப்பு நொறுங்க ஆரம்பித்தால் கண்ணாடிப் படகில் கீழே ஒன்றும் தெரியாது, மூச்சுக்குழாயில் தண்ணீர் ஏறும். அந்த மாதங்களில் கடல் முதலில், தீவு பிற்பகலில். தண்ணீர் 22, 23 டிகிரிதான் இருக்கும், அரை மணியில் பல் தந்தியடிக்கும். முழுக்கை லைக்ரா சட்டை இல்லாமல் இறங்காதீர்கள். நவம்பரிலிருந்து ஏப்ரல் வரை நிலைமை நேர்மாறு. காற்று குறைவு, தண்ணீர் 27, 28 டிகிரி, தீவில் வெயிலும் கொசுவும் அதிகம். அப்போது முதல் சுற்றில் தீவு, பதினொரு மணிக்கு மேல் கடல். சூரியன் உச்சிக்கு வரும் நேரத்தில் வெளிச்சம் செங்குத்தாக இறங்கிப் பவளத்தின் நிறம் நன்றாகத் தெரியும். ஆனால் அது புயல் பருவமும்கூட. பெரும் அலை எச்சரிக்கை இருக்கும் நாளில், லகூன், அதாவது கரைக்கும் பவளப் பாறைத்தொடருக்கும் நடுவே உள்ள நீர், அமைதியாகத் தெரிந்தாலும், போகாதீர்கள்; பாறைத்தொடருக்கு மேலே வந்து விழும் தண்ணீர் எல்லாம் உள்ளே சேர்ந்து, தொடரின் இடைவெளியான வாய் வழியாகப் பாய்ந்து வெளியேறும். கனமழைக்கு மறுநாளும் வேண்டாம். ஆற்று மண் கலங்கி, இரண்டு மீட்டருக்கு அப்பால் பால் கலந்த டீ மாதிரி இருக்கும்.

ப்ளூ பே 353 ஹெக்டேர் பரப்பு. 1997-ல் பாதுகாக்கப்பட்டு, 2000-ல் கடல் பூங்காவானது. 2008-லிருந்து ராம்சர் என்ற சர்வதேச ஈரநிலப் பட்டியலில் இருக்கிறது. நீருக்குள் மண்டலம் மண்டலமாகப் பிரித்திருக்கிறார்கள்: நீச்சலுக்கு ஓர் இடம், படகுப் பாதைக்கு ஓர் இடம், யாரும் தொடக்கூடாத கண்டிப்பான காப்பு மண்டலம் என்று. மிதவைகள் எல்லைக் கற்கள். கரையிலிருந்தே நீந்திப் போகலாம் என்பவர்கள் உண்டு. நீச்சல் மண்டலத்துக்குள் மணலும் புல்லும்தான் அதிகம். நல்ல பவளம் படகுப் பாதைக்கு அந்தப்பக்கம். படகுப் பாதையை நீந்திக் கடப்பது உயிரோடு விளையாடுவது. ஆகவே படகு அவசியம்.

எந்தப் படகு? பத்துப் பதினைந்து பேர் ஏறும் சின்னக் கண்ணாடி அடிப் படகு. ஏறுமுன் கண்ணாடியைப் பாருங்கள். கீறலும் பாசியும் நிறைந்திருந்தால், மேலிருந்து எவ்வளவு வெயில் அடித்தாலும் பச்சை மூட்டம்தான். பதிவு எண் பக்கவாட்டில் தெளிவாக எழுதியிருக்க வேண்டும். உல்லாசப் படகுக்கும் அதை ஓட்டுகிறவருக்கும் டூரிசம் அத்தாரிட்டி உரிமம் கட்டாயம். லைஃப் ஜாக்கெட் பெஞ்சுக்கடியில் கட்டிக் கிடக்கிறதா, தலைக்கு ஒன்று கையில் கிடைக்கிறதா என்று பாருங்கள். எல்லாவற்றுக்கும் மேலான சோதனை ஒன்றுண்டு: நிறுத்தும்போது படகுக்காரர் என்ன செய்கிறார்? கட்டுமிதவையில் கயிற்றை மாட்டினால் நல்ல ஆள். இரும்பு நங்கூரத்தைப் பவளத்தின் மேல் போட்டால், இன்னொரு முறை அவரிடம் போகாதீர்கள். விரல் நீளம் வளர ஒரு வருடமோ அதற்கு மேலோ எடுத்த மான்கொம்புப் பவளத்தை அந்த இரும்பு ஒரே விநாடியில் உடைக்கும். ரொட்டி போட்டு மீனை வரவழைத்துக் காட்டுகிறவரும் அதே ரகம். மீனுக்குத் தீனி போடுவது பூங்காவில் தடை. போட்டால் கரும்பட்டை போட்ட ஒரே வகை மீன் கூட்டம் வந்து மொய்த்து, மற்றவை விலகிவிடும். பாசி மேய வேண்டிய மீன் ரொட்டிக்குப் பழகினால், பவளத்தைப் பாசி மூடும்.

மாஸ்க்கைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். நாள் கெட்டுப்போவது பெரும்பாலும் இதனால்தான். படகில் ஒரு கூடையில் கலந்து போட்டிருப்பார்கள். வாரைத் தலையில் மாட்டாமல் மாஸ்க்கை மட்டும் முகத்தில் வைத்து, மூக்கால் மெல்ல இழுங்கள். கையை எடுத்தும் விழாமல் ஒட்டி நின்றால் அது உங்கள் முகத்துக்கு ஏற்றது. விழுந்தால் அடுத்ததை எடுங்கள். ஒழுகுகிறது என்று வாரை இறுக்குவதுதான் எல்லோரும் செய்யும் தவறு. இறுக்கினால் சிலிக்கான் ஓரம் மடங்கி இன்னும் ஒழுகும். வார் தலையின் பின்மேட்டில், காதுக்கு மேலே உட்கார வேண்டும். ஒரு மயிர்க்கற்றை ஓரத்தில் சிக்கினாலும் தண்ணீர் வரும். மீசை வைத்திருப்பவர்களுக்கு, நம் ஆட்களில் பாதிப்பேர், மேல் உதட்டில் கட்டாயம் ஒழுகும். மூக்குக்கு நேர் கீழே நாலைந்து மில்லிமீட்டர் மட்டும் கத்தரித்துவிட்டால் ஓரம் தோலில் பதியும். வாசலின் பூசச் சொல்வார்கள். நாளடைவில் சிலிக்கானைக் கெடுக்கும், வாடகை மாஸ்க்குக்கு அது மரியாதையும் அல்ல.

பனி படியாமல் இருக்க, உலர்ந்த கண்ணாடியில் எச்சிலோ, குழந்தை ஷாம்பூ ஒரு சொட்டோ தேய்த்து, கடல்நீரில் ஒருமுறை அலசினால் போதும். விரலால் மறுபடி துடைக்காதீர்கள். மூக்குக் கண்ணாடி போட்டவர்களுக்கு எண் வைத்த மாஸ்க் முக்குளிப்புக் கடைகளில் கிடைக்கும்; படகில் இருக்காது. முகம் முழுக்க மூடும் புதுவகை மாஸ்க்கை வேண்டாம் என்றே சொல்வோம். விட்ட மூச்சு உள்ளேயே தங்கி, கொஞ்சம் வேகமாக நீந்தினாலும் தலை கிறுகிறுக்கலாம். அவசரத்தில் சட்டென்று கழற்றவும் முடியாது.

குழாயில் தண்ணீர் ஏறினால் தலையைத் தூக்கிப் பதறாமல், முகத்தை நீரிலேயே வைத்து "டூ" என்று ஒரே ஊதாக ஊதுங்கள். அடுத்த மூச்சை நாக்கின் மேல் மெல்ல இழுங்கள், மிச்சத் தண்ணீர் தொண்டைக்குப் போகாது. இதை இடுப்பளவு நீரில் ஐந்து முறை பழகிவிட்டுப் படகேறினால் பாதிப் பயம் போய்விடும். நீச்சல் தெரியாதவர்களும் போகலாம்; லைஃப் ஜாக்கெட்டோடு, வழிகாட்டி இழுக்கும் வளையத்தைப் பிடித்துக்கொண்டு. சேலை, துப்பட்டா, தொளதொள குர்த்தா எதுவும் நீரில் வேண்டாம். காலைச் சுற்றும், ஜாக்கெட்டின் பட்டையில் சிக்கும். ஒட்டிய லெக்கிங்ஸும் முழுக்கை லைக்ராவும் மானத்துக்கும் சரி, வெயிலுக்கும் சரி. உடம்பை மூடிவிட்டால் சன்ஸ்கிரீன் முகத்துக்கு மட்டும் போதும், பவளத்துக்கும் நல்லது.

இறங்கியதும் உடனே நீந்தாதீர்கள். ஒரு நிமிடம் சும்மா மிதந்து, மிதவையிலிருந்து எந்தப் பக்கம் நகர்கிறீர்கள் என்று பாருங்கள். அதுதான் நீரோட்டம். முதல் பாதி அதற்கு எதிராக, களைத்த பிறகு அதோடு. இந்தக் கரையில் ஏற்றவற்றம் அரை மீட்டர்தான், ஆனாலும் வற்றும் நேரத்தில் வாய்ப்பக்கம் இழுவை கூடும். வழிகாட்டி "கூரான் ஃபோர்" என்று கத்தினால் நீரோட்டம் பலம் என்று பொருள், படகுக்குத் திரும்புங்கள். "பா மார்ஸ் லோர் கோராய்" என்றால் பவளத்தில் மிதிக்காதே. அதிகம் காதில் விழுவது இந்த இரண்டாவதுதான். ஒன்றரை மீட்டர் ஆழத்தில் மாஸ்க்கில் தண்ணீர் புகுந்ததும், கால் தானாகக் கீழே ஊன்றும். அங்கே உயிருள்ள பவளம். அதனால்தான் மாஸ்க் சரியாக இருக்க வேண்டும் என்று இவ்வளவு சொன்னது.

என்ன தெரியும்? முட்டைக்கோஸ் அடுக்கு போல விரிந்த பவளங்கள், மான்கொம்பு, ஓர் அறை அளவு பெரிய மூளைப் பவளம். படகுக்காரர்கள் கடைசியாகக் காட்டுவது இந்த மூளைப் பவளத்தைத்தான்; காட்டாமல் திரும்பினால் கேளுங்கள். கிளி மீன் பவளத்தைக் கடிக்கும் சத்தம் "கறுக் கறுக்" என்று நீருக்குள் தெளிவாகக் கேட்கும். அசையாமல் மிதந்தால் அது பாறையைச் சுரண்டி, பின்னால் வெண்மணலாகக் கழிப்பதையும் பார்க்கலாம். குழல் மீன், வண்ணத்துப்பூச்சி மீன், பேத்தை, கடல் அட்டை எல்லாம் சாதாரணம். கடலாமை வந்தால் அது அன்றைய யோகம். உத்தரவாதம் தருகிறவரை நம்பாதீர்கள். டால்பின் இந்தப் பக்கம் இல்லை, மேற்கே தமரின் கடலில். சுறா பற்றிக் கேட்பார்கள். சுறாத் தாக்குதலுக்குப் பேர்போன பக்கத்துத் தீவு ரெயூனியனின் கதை வேறு, இந்த லகூனுக்குள் அந்தப் பயம் வேண்டாம்.

பவளத்தின் நிலை பற்றி மழுப்பக் கூடாது. விளம்பரப் படத்தின் நிறத்தை எதிர்பார்த்துப் போனால் மனம் சுருங்கும். கோடையின் உச்ச வெப்பத்துக்கு மேல் ஒரு டிகிரி கூடி, சில வாரம் நின்றாலே பவளம் தன்னுள் வாழும் பாசியை வெளியேற்றி வெளுத்துவிடும். 2016-லும் 2024-லும் உலகக் கடல்கள் எங்கும் இதுதான் நடந்தது. இங்கேயும் சில திட்டுகள் செத்து, பழுப்புப் பாசி படர்ந்து கிடக்கின்றன. நல்ல வழிகாட்டி அதன் மேலும் படகை நிறுத்தி, வெளுத்தது எது, செத்தது எது என்று பிரித்துக் காட்டுவார். வெளுத்தது இன்னும் உயிரோடு இருக்கிறது, வெப்பம் இறங்கினால் தேறலாம். பாசி மூடியது திரும்பாது.

எண்ணெய்க் கசிவையும் கேட்பார்கள். 2020 ஜூலை 25-ல் வகாஷியோ கப்பல் புவான்த் தெஸ்னிக்கு அப்பால் பாறைத்தொடரில் ஏறியது. ஆகஸ்ட் 6-லிருந்து சுமார் ஆயிரம் டன் எண்ணெய் கசிந்தது. காற்றும் நீரோட்டமும் அதை வடக்கே, ஸெக்ரெட் தீவு, மாஹேபூர்ப் பக்கம் தள்ளியதால் ப்ளூ பே பெரும்பாலும் தப்பியது. கரும்புச் சோகையைத் துணிக்குள் திணித்துத் தடுப்புமிதவை தைத்தவர்கள் இந்த ஊர் மக்கள். அரிய பறவைகளில் சிலவற்றையும் நாற்றுகளையும் தீவிலிருந்து அவசரமாகப் பெரிய கரைக்கு எடுத்துப் போனார்கள். இன்று பார்வைக்கு எண்ணெய் இல்லை.

ஆபத்து என்று உண்மையாக அஞ்ச வேண்டியது லாஃப், அதாவது கல்மீன். பாறை மாதிரியே கிடக்கும். முதுகு முள் விஷம். கடினமான அடியுள்ள நீர்க்காலணி போடுங்கள், எதையும் தொடாதீர்கள். குத்திவிட்டால் தாங்கக்கூடிய அளவு சூடான நீரில், சுமார் 45 டிகிரி, அரை மணிக்குக் குறையாமல் காலை அமிழ்த்தி வைத்து, 114-ல் அவசர மருத்துவ உதவியான சாமுவை அழையுங்கள். அழகான கூம்புச் சங்கை உயிரோடு கையில் எடுப்பதும் அதே அளவு விபரீதம்.

சாப்பாட்டுக்கு வருவோம். கடல் பயணத்துக்கு முன் எண்ணெயில் பொரித்த கத்தோ பிமான் வேண்டாம், நம் மசால் வடைதானே என்று நாலு உள்ளே தள்ளினால் படகு ஆடும்போது தெரியும். தால் பூரி இரண்டு, கொஞ்சம் இஞ்சி, போதும். குமட்டல் வருகிறவர்கள் மாத்திரையைப் படகேறி அல்ல, அரைமணி முன்பே போட வேண்டும். கண்ணாடியைக் குனிந்து பார்த்துக்கொண்டே இருந்தால் யாருக்கும் தலை சுற்றும்; நடுநடுவே லயன் மலையைப் பாருங்கள். படகிலோ கரையிலோ சுட்டுத் தரும் சாப்பாட்டில் மீனும் கோழியும் ஒரே கம்பிவலையில்தான் வேகும். காவடி விரத நாட்களில், அது சரியாக இந்தக் கோடையில்தான் வரும், சைவம் என்று சொன்னாலும் காய்கறியை அதே வலையில் வைத்துவிடுவார்கள். தட்டை மாற்றினால் போதாது, வலையை மாற்றச் சொல்ல வேண்டும். அல்லது வீட்டிலிருந்தே எவர்சில்வர் டப்பாவில் புளிச்சோறு கட்டிக்கொண்டு போவது நிம்மதி. தீவில் எதையும் சிந்தக் கூடாது என்பதால் கரைக்கு வந்த பிறகு சாப்பிடுங்கள். சவுக்கு நிழல் ப்ளூ பே கடற்கரையில் தாராளம்.

போக்குவரத்து எளிது. போர்ட் லூயி, ரோஸ் ஹில் பக்கத்திலிருந்து மெட்ரோவில் கியூர்பிப், அங்கிருந்து மாஹேபூர் பஸ், பிறகு ப்ளூ பே பஸ். அது புவான்த் ஜெரோம் வழியாகவே போகும். திங்கட்கிழமை மாஹேபூர்ச் சந்தை, நெரிசலுக்குக் கூடுதல் நேரம் வையுங்கள். சின்னப் படகுக்காரர்களிடம் கார்டு எடுபடும் என்று நம்ப வேண்டாம், ரொக்கமாக வைத்திருங்கள். மாலையில் விமானம் இருந்தாலும் ஸ்நோர்க்கலிங் செய்யலாம்; சிலிண்டர் கட்டி முக்குளித்தால்தான் பதினெட்டு மணி நேரமாவது பறக்காமல் இருக்க வேண்டும்.

பேரம் பேசும்போது விலையைக் குறைக்கச் சொல்வதை விட, நீருக்குள் எத்தனை நிமிடம் என்று உறுதி வாங்குங்கள். "ஒரு மணி நேர ஸ்நோர்க்கலிங்" என்பதில் போகவர இருபது நிமிடம், மாஸ்க் தேட பத்து நிமிடம் போய்விடும். நாற்பத்தைந்து நிமிடம் நீரில், ஆறேழு பேருக்கு ஒரு வழிகாட்டி, அவரும் நீரில் கூட இறங்க வேண்டும். படகிலேயே நின்று கைநீட்டுகிறவர் வழிகாட்டி அல்ல. காற்று ஏறிப் பயணம் ரத்தானால் முன்பணம் திரும்புமா, வேறு நாள் தருவார்களா என்பதையும் ஏறுமுன் கேட்டு, முடிந்தால் வாட்ஸாப்பில் எழுத்தாக வாங்கிக்கொள்ளுங்கள்.